மூன்றாவது கொத்து

“அக்காவ எங்கூட அனுப்புங்க மாமா.”

அக்காவைக் கட்டிக்கொடுத்த வீட்டில் இதை மட்டும் கேட்டுத் தொலைக்காதே என்று அம்மா படித்துப் படித்துச் சொல்லியிருந்தாள். கேட்டாயிற்று. மாமாவோ காதில் விழாதவர்போலக் கொய்யா இலைகளை ஈரத்துணியால் துடைத்துக்கொண்டிருந்தார். மருந்தடித்த இலையைத் தின்றால் அவர் கூண்டில் வளர்க்கும் குச்சிப்பூச்சிகள் செத்துப்போகுமாம். குச்சிபோலவே நின்று, வாயை இடவலமாகத் திறந்து கொறிக்கும் ஜந்துகள். வாய் குறுகலான பாட்டில்களில் தண்ணீர் ஊற்றிக் கொத்துகளைச் செருகினார். பூச்சி உள்ளே விழுந்து மூழ்காதபடி இடைவெளியில் பஞ்சை அடைத்தார். பொண்டாட்டியை இதில் பாதி கவனித்திருந்தால் அவள் இரண்டு மாதமாகப் போனை எடுக்காமல் இருப்பாளா?

கூண்டு இரண்டு. பாட்டில் மூன்று.

“மூணாவது யாருக்கு மாமா?”

“நாலு எழுத்துப் படிச்சிட்டா எதுக்கெடுத்தாலும் கேள்விதானா?”

“படிக்க வச்சதே அக்காதான். கேக்காம எப்படி?”

அவர் மூன்றாவது பாட்டிலோடு உள்ளறைக்குப் போனார். தங்கையும் விடாமல் பின்னாலேயே போனாள். பட்டப்பகலிலும் சன்னல்கள் சாத்திக் கிடந்த அந்த அறையில் ஈர இலையின் வாடையும் நெடுநாள் பூட்டிய அலமாரியின் வாடையும் கலந்து மூக்கை அடைத்தன. எங்கிருந்தோ, காய்ந்த காகிதத்தை யாரோ நகத்தால் சுரண்டுவதுபோல் ஒரு மெல்லிய சத்தம் ஓயாமல் வந்துகொண்டிருந்தது. கட்டில் காலி.

அக்கா சுவரோரம் நின்றிருந்தாள். இரு கைகளையும் முன்னால் நீட்டி, விரல்களைச் சேர்த்துக் குவித்து. பழைய நைட்டி ஆணியில் மாட்டிய துணியாகத் தொங்கியது.

“அக்கா.”

லேசாக ஆடினாள், காற்றில் கிளை ஆடுவதுபோல. அறையில் காற்றே இல்லை.

“பட்டினி போட்டிருக்கீங்க.”

“வேளாவேளைக்குக் குடுக்கறேன்மா. பழகின இலைய மாத்தினா தொடமாட்டா.”

மாமா இலைமேல் தண்ணீர் தெளித்தார். குரலில் இருந்தது அக்கறைதான்.

சுரண்டும் சத்தம் நின்றது. அக்காவின் தலை இலைப்பக்கம் திரும்பியது. தலை மட்டும்.

இனி கேட்க ஒன்றுமில்லை. இடுப்பில் கைகொடுத்து அக்காவைத் தூக்கினாள். கனமே இல்லை.

“வெளிய கொண்டுபோகாத. என்ன திங்கும்னு உனக்குத் தெரியுமா?”

திங்கும். ‘திம்பா’ இல்லை.

“கத்துக்கறேன்,” என்றாள். வாசலைத் தாண்டினாள்.

தெருவில் வெயில். கழுத்தில் அக்காவின் வாய் பட்டது. திறந்தது. மேலும் கீழுமாக அல்ல.

இடமும் வலமுமாக.

அவள் பிடியைத் தளர்த்தவில்லை. நடந்தாள்.