சிவப்பு விளக்கும் சிவப்பு முத்திரையும்

"இருபத்திரெண்டு வருஷமா பிலிம் கழுவுறவருங்க. இருட்டறைக்குள்ள வெளிச்சத்தை விட்டு ஒரு சுருளையே பாழாக்கிட்டாராம்! வேலையும் போச்சு. இனி கியோட்டோவுல எந்தக் கம்பெனியும் இவரைச் சேர்க்கக் கூடாதுன்னு முதலாளி கடிதாசி எழுதுறாராம்" என்று ஒதோசே பொருமினாள். அவள் கணவர் கிஹேய் தலை குனிந்து உட்கார்ந்திருந்தார்.

முன்னாள் போலீஸ் அதிகாரி நீமி பொறுமையாகக் கேட்டுக்கொண்டிருந்தார். அவருடைய நண்பர் ஷுன்ராய்க்குத்தான் பொறுக்கவில்லை. ஊமைப் படங்களுக்குத் திரையோரம் நின்று கதையும் வசனமும் சொல்வது அவர் தொழில். வாய் சும்மா இருக்காது.

"பாழானது கடைசிச் சுருளா? தளபதி தன் ஆளுங்க செஞ்ச தப்பைத் தானே ஏத்துக்கிட்டு வயித்தைக் கிழிச்சுக்கிற காட்சியாச்சே! தளபதியா நடிச்ச மனுஷன் தொழிலாளி தலையில பழியைப் போடுறாரா? வெக்கமா இல்ல?"

கதாநாயகன் குஸேதான் கம்பெனி முதலாளியும். மறுநாள் காலை நால்வரும் கம்பெனிக்குப் போனபோது, குடுமி டோப்பாவும் இடுப்பில் வாளுமாகத் தளபதி வேஷத்தில் உட்கார்ந்திருந்தார். கம்பீரம் ஒன்றுதான் குறைச்சல்!

"அன்னிக்கு மத்தியானம் ஒரே தடவைதான் இருட்டறைக்குள்ள போனேன். இவன் சாப்பிடப் போயிருந்தான். சிவப்பு விளக்கு மட்டும்தான் எரிஞ்சுது. சுவத்துல இருந்த வேலைச் சீட்டுல தன் பேர் முத்திரையைக் குத்தியிருக்கானான்னு பார்த்தேன். குத்தியிருந்தான், ஓரம் மட்டும் கலைஞ்சிருந்துச்சு. உடனே வெளிய வந்துட்டேன். அப்புறம் இவன்தான் வெளிச்சத்தை விட்டிருக்கான்."

"அவசரத்துல என் கை பட்டுக் கலைஞ்சுதுங்க" என்றார் கிஹேய். "பிலிமைக் கழுவுறதுக்கு மரச்சட்டத்துல சுத்தி வெச்சுட்டுத்தான் சாப்பிடப் போனேன். சீட்டு இன்னும் அங்கேயேதான் தொங்குது."

நீமி எல்லோரையும் இருட்டறைக்கு அழைத்துப்போய்க் கதவை மூடினார். சிவப்பு விளக்கு மட்டும் எரிந்தது.

"அந்த முத்திரையைக் கொஞ்சம் காட்டுங்க."

குஸே சீட்டின் மேல் குனிந்தார். கறுப்பு எழுத்துகள் தெரிந்தன. முத்திரை இருக்க வேண்டிய இடம் வெறும் தாளாக இருந்தது.

"முத்திரை மை சிவப்பு. இந்த வெளிச்சத்துல அது கண்ணுக்குத் தெரியாது" என்றார் நீமி. "நீங்க கலைஞ்ச ஓரத்தைக்கூடப் பார்த்திருக்கீங்க. அப்படின்னா வெள்ளை விளக்கைப் போட்டது நீங்கதான். அந்த நொடியே பிலிம் பாழாயிடுச்சு."

குஸே சீட்டிலிருந்து நிமிர்ந்தார். பிறகு, "தலைவனே தப்பு பண்ணினான்னு தெரிஞ்சா நாளைக்கு எவன் மதிப்பான்?" என்று முணுமுணுத்தார்.

ஷுன்ராய் குஸேயின் முன்னால் போய் நின்றார். "தியேட்டர்ல 'தப்பு என்னுடையது'ன்னு உங்களுக்காக நான் தொண்டை கிழியக் கத்தணும். இங்க நீங்களே சொல்லுங்க!"

குஸே கிஹேயின் பக்கம் திரும்பித் தலை குனிந்தார். உதடுகள் அசைந்தன.

"கேக்கல" என்றாள் ஒதோசே.