வகைக்குள் வராதவள்

பொன்மலை ரயில்வே குவார்ட்டர்ஸுக்குள் ஆட்டோ திரும்பியபோது காலை பதினொரு மணி. வேணியின் மடியில் அம்மா கொடுத்தனுப்பிய ஊறுகாய் ஜாடி, காலடியில் சூட்கேஸ். முப்பத்தோரு வயதில் கல்யாணம் முடிந்து, எடமலைப்பட்டி புதூரிலிருந்து புருஷன் வீட்டுக்கு வருகிறாள். சுரேஷ்குமாருக்கு இது இரண்டாவது கல்யாணம். முதல் மனைவி யாழினி காய்ச்சலில் இறந்து இரண்டு வருடம் ஆகிறது. ஏழு வயதில் வைஷ்ணவி என்று ஒரு மகள்.

பெண் பார்க்க வந்தபோது முன்பல் இரண்டும் விழுந்த அந்தக் குழந்தை, கூப்பிடாமலேயே வேணியின் பக்கத்தில் வந்து உட்கார்ந்தது. வேணி சரி என்று சொன்னதே அதற்காகத்தான்.

வெள்ளைக்காரன் காலத்துச் செங்கல் வீடு. கூரை உயரம். பகலிலும் விளக்குப் போட வேண்டிய சமையலறை. எந்த அறைக்குப் போனாலும் அந்துருண்டை வாசனை கூடவே வந்தது.

சமையலறையில் ஒவ்வொரு டப்பாவிலும் ஊதா மையில் சாய்வாக எழுதிய சின்னச் சீட்டு ஒட்டியிருந்தது. எண்கள் மட்டும்.

"எங்கம்மா காலேஜ்ல லைப்ரரியன்" என்றாள் வைஷ்ணவி. "புக்குக்கு நம்பர் போடற மாதிரி வீட்டுக்கே போட்டுட்டாங்க. ரெண்டுன்னா சமையல் சாமான். ரெண்டு புள்ளி மூணுன்னா பருப்பு. ரெண்டு புள்ளி மூணு ஒண்ணுன்னா துவரம்பருப்பு. உள்ள போகப் போக நம்பர் நீளும், சித்தி."

"உனக்கும் நம்பர் உண்டா?"

"ஒண்ணுதான் மனுஷங்க. நான் ஒண்ணு புள்ளி ரெண்டு ஒண்ணு. மொத்தம் எட்டு வகை. எட்டாவது செருப்பு."

சுரேஷ்குமார் வாசலிலேயே நின்றிருந்தான். "மாத்தணும்னா மாத்திக்க வேணி" என்றான். சொல்லும்போது அவளைப் பார்க்கவில்லை.

நான்காவது வாரம் ஊறுகாய் ஜாடியில் ஒரு சீட்டு முளைத்தது.

9.1

அதே ஊதா மை. அதே சாய்ந்த எழுத்து.

வைஷ்ணவியின் வேலை என்று நினைத்து வேணி சிரித்துக்கொண்டாள். மறுநாள் ஜாடியைக் காணவில்லை. அலமாரி, பரண், கொல்லைப்புறம், எங்கும் இல்லை. அடுத்து அவளுடைய சீப்பில் 9.2. அதுவும் போயிற்று. பிறகு கல்யாணப் புடவையில் 9.3. அந்தச் சீட்டை அவள் பார்த்தது மத்தியானம்; காலையில் அது இல்லை. குழந்தை பள்ளிக்கூடத்தில் இருந்தாள். புடவை சாயங்காலத்துக்குள் மறைந்தது.

வேலை முடியும் சாயங்காலச் சங்கு ஊதி, சுரேஷ்குமார் ரயில்வே ஒர்க்‌ஷாப்பிலிருந்து வந்தான். காபி கொடுக்கும்போது வேணி அவன் விரல்களைக் கவனித்தாள். கிரீஸ் கறை இருந்தது. மைக்கறை இல்லை.

"என்னங்க, ஒன்பதுன்னா என்ன வகை?"

"ஒன்பது கிடையாதே."

"என் புடவையில எழுதியிருந்துச்சு. இப்ப புடவையையே காணோம்."

"எங்கயாவது வெச்சிட்டு மறந்திருப்ப." டம்ளரை முழுதாகக் குடிக்காமலே எழுந்து போனான்.

ஏதோ தெரிந்து மறைக்கிறான். அன்று இரவு முழுக்க அவளுக்கு அப்படித்தான் தோன்றியது.

வீட்டின் இன்னொரு சாவி பக்கத்து வீட்டு நஜீமாவிடம் இருந்தது. மறுநாள் துணி காயப்போடும்போது வேணி சுற்றி வளைத்துக் கேட்டாள்.

"சாவி என்கிட்டதான் இருக்கு. அதுக்காக உன் ஊறுகாய நான் தூக்கிட்டுப் போயிட்டேங்கிறியா?" நஜீமா வயிறு குலுங்கச் சிரித்தாள். "என் வீட்டுல மாவடு ரெண்டு ஜாடி கிடக்கு, வேணும்னா வந்து எடுத்துக்க." பிறகு குரலைத் தாழ்த்தினாள். "யாழினி இருந்தப்ப, ஒரு டம்ளர எடுத்து வேற தட்டுல வெச்சிட்டேன். ரெண்டு நாள் என்கூடப் பேசல. நல்ல பொண்ணுதான். ஆனா எது எங்க இருக்கணுமோ அங்க இருக்கணும் அவளுக்கு."

வேணி யாரையும் நம்பவில்லை. அன்றே வீடு முழுக்கத் தேடினாள். குழந்தையின் அறை அலமாரிக்கு மேலே ஒரு நீண்ட மரப்பெட்டி கிடைத்தது. நூலகத்தில் அட்டைகளை நிறுத்தி வைக்கிற பெட்டி. வீட்டிலிருக்கும் ஒவ்வொரு பொருளுக்கும் ஓர் அட்டை, எண் வரிசையில். எல்லாம் மஞ்சளேறியவை.

கடைசி நான்கு மட்டும் புது வெள்ளை.

9 – வகைக்குள் வராதவை.

அதன் பின்னால் ஊறுகாய் ஜாடி, சீப்பு, புடவை.

வேணிக்கு முகம் சுட்டது. நான் கொண்டு வந்ததெல்லாம் வகைக்குள் வராதவையா? முன்பக்கம் புரட்டினாள். 1.1 சுரேஷ்குமார். 1.2 யாழினி. அதற்குள் அடங்கியதாக, 1.21 வைஷ்ணவி.

செத்தவர்களுக்கு எதற்கு நம்பர் என்று தோன்றியது. பால்பாயின்ட் பேனாவை எடுத்து யாழினி என்ற பெயரை அடித்தாள். மேலே எழுதினாள், வேணி.

பெட்டியை மூடும்போது மனசு லேசாக இருந்தது.

மறுநாள் காலை ஸ்கூல் வேன் ஹாரன் அடிக்கவில்லை.

பையும் தண்ணீர் பாட்டிலுமாக வைஷ்ணவி கேட்டருகே நின்றிருக்க, வேன் நிற்காமல் கடந்தது. வேணி ஓடிப்போய்த் தெருமுனையில் மறித்தாள்.

"பிச்சை அண்ணே, பிள்ளைய விட்டுட்டுப் போறீங்க?"

"எந்தப் பிள்ளம்மா?"

"வைஷ்ணவி. தினமும் ஏத்துறீங்களே."

பிச்சை நோட்டைப் புரட்டினார். அவர் முகத்தில் விளையாட்டு இல்லை. "அந்த வீட்டுல எனக்குப் பிள்ளையே கிடையாதும்மா. லிஸ்ட்ட நீங்களே பாருங்க."

பெயர்கள் வரிசையாக இருந்தன. இடையில் ஒரு வரிகூடக் காலியாக இல்லை.

திரும்பி வந்தபோது நஜீமா வேலிக்கு அப்பால் நின்று குழந்தையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "அழகா இருக்காளே. உன் அக்கா பொண்ணா?"

வைஷ்ணவியின் கை வேணியின் கைக்குள் வந்து ஒடுங்கியது. "சித்தி, நஜீமா அத்தை ஏன் என்னைத் தெரியாத மாதிரி பேசறாங்க?"

வேணி சுரேஷ்குமாருக்கு போன் போட்டாள்.

"எந்த வைஷ்ணவி?" என்றான் அவன்.

குழந்தையின் கை சில்லென்றிருந்தது. எடையே இல்லை. வேணி குனிந்து பார்த்தாள். மணிக்கட்டில் ஒரு சின்னச் சீட்டு.

9.4

ஜாடி ஒரே நாளில் போனது. புடவை அரை நாளில்.

குழந்தையை இடுப்பில் தூக்கிக்கொண்டு அலமாரிக்கு ஓடினாள். பெட்டியைத் தரையில் இறக்கினாள். 1.2க்குப் பின்னால் வெறும் இடைவெளி. 1.21 அங்கே இல்லை. கடைசியில், புடவைக்குப் பின்னால் நின்றது அந்த அட்டை. 9.4 வைஷ்ணவி.

அப்போதுதான் அவளுக்கு விளங்கியது. இந்தப் பெட்டியில் எதுவும் தனியாக நிற்பதில்லை. மேலே இருப்பது எங்கே போகிறதோ, அதன் கீழே இருப்பதும் கூடவே போகும். வேணி ஒன்பதைச் சேர்ந்தவள். அம்மாவின் இடத்தில் அவள் தன்னை எழுதினாள். குழந்தையும் ஒன்பதுக்குப் போய்விட்டாள்.

அந்துருண்டை வாசனை திடீரென்று கூடியது.

யாரோ மிக அருகில் குனிந்து பார்க்கிறார்கள்.

"அக்கா" என்றாள் வேணி. வெறும் அறையைப் பார்த்து, முதல் தடவையாக. "தப்பு என்னோடது. உங்க இடம் எனக்கு வேணாம். என்னைய எங்க வேணா வைங்க. பிள்ளைய விட்டுடுங்க."

பெட்டியின் அடியில் எழுதாத அட்டைகள் இருந்தன. ஒன்றில் 1.2 யாழினி என்று திருத்தமாக எழுதினாள். இன்னொன்றில் 1.21 வைஷ்ணவி. இரண்டையும் அதனதன் இடத்தில் செருகினாள். 9.4ஐயும் தன் பெயர் எழுதிய அட்டையையும் கிழித்துப் போட்டாள்.

எதுவும் நடக்கவில்லை.

பிறகு குழந்தையின் மணிக்கட்டிலிருந்து சீட்டு உதிர்ந்தது.

வாசலில் ஹாரன். "வைஷு, லேட்டாச்சு, ஓடி வா" என்று பிச்சையின் குரல், எப்போதும் போல. போன் அடித்தது. "வேணி, பிள்ளை வேன் ஏறிட்டாளா?" என்றான் சுரேஷ்குமார். அவன் குரலில் எந்த வித்தியாசமும் இல்லை.

குழந்தை வேனில் ஏறிக் கையசைத்தாள். வேன் திரும்பும்வரை வேணி கேட்டைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அம்மா வீட்டுக்குப் போய்விடலாம். தான் இல்லாவிட்டால் குழந்தைக்கு ஆபத்து இல்லை. அழுதுகொண்டே உள்ளே வந்து சூட்கேஸை இழுத்தாள்.

போவதற்கு முன் பெட்டியை மேலே எடுத்து வைக்க வேண்டும். குனிந்தவள் அப்படியே நின்றாள்.

ஒன்பதாம் வகை அட்டைகள் ஒன்றுகூட இல்லை.

1.21க்குப் பின்னால் ஒரு புது வெள்ளை அட்டை. ஊதா மை இன்னும் பளபளத்தது.

1.211 வேணி.

குழந்தைக்குக் கீழே. குழந்தைக்கு உரியவளாக. அவளுக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தன. சூட்கேஸின் பிடியை விட்டாள். இனி இந்த வீட்டை விட்டுப் போகவும் முடியாது என்பது ஒரு நொடி கழித்தே உறைத்தது.

அந்த அட்டைக்குப் பின்னால் இன்னொன்று இருந்தது.

1.2111

எண் மட்டும். பெயர் எழுதும் கோடு காலி.

வேணியின் கை தானாக வயிற்றுக்குப் போனது. நாள் தள்ளிப் போயிருப்பதை அவளே இன்று காலையில்தான் எண்ணிப் பார்த்தாள். யாரிடமும் சொல்லவில்லை.

காலிக் கோட்டின் தொடக்கத்தில் ஒரு பொட்டு ஊதா மை தெரிந்தது. அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது மெல்லப் பெரிதானது, பேனாவை ஊன்றிக்கொண்டு யாரோ பெயருக்காகக் காத்திருப்பது போல.