தீனாவின் கிளி

கிளி வாயைத் திறந்ததும் ஸ்பீக்கரிலிருந்து வந்தது கிளிக்குரலும் இல்லை, மனிதக்குரலும் இல்லை. ஊறிய அரிசியை அளவுக்கு மீறிப் போட்டுவிட்டால் கிரைண்டர் முக்கி முக்கிச் சுற்றுமே, அப்படி ஒரு நீண்ட உறுமல். சுகிர்தா முகத்தைச் சுளித்துக்கொண்டு சத்தத்தைக் குறைக்கக் கை நீட்டினாள். அதற்குள், காலையிலிருந்து சுவரைப் பார்த்துப் படுத்திருந்த அம்மா எழுந்து உட்கார்ந்துவிட்டாள்.

"நம்ம தீனாடி அது," என்றாள் கனகாம்பாள்.

"இன்னாம்மா ஒளர்ற? கம்ப்யூட்டரு கர்ருங்குது, அவ்ளோதான்."

"பெத்தவளுக்குத் தெரியாதா? தீனாதான்."

அந்த அம்மாள் தானாக எழுந்து உட்கார்ந்து ஒன்பது மாதம் ஆயிற்று. தை மாதம் பழவேற்காட்டு முகத்துவாரத்தில் படகு கவிழ்ந்து, போன மூன்று பேரில் இரண்டு பேர் நீந்திக் கரையேறினார்கள். சுகிர்தாவின் தம்பி தீனா ஏறவில்லை. உடம்பும் கிடைக்கவில்லை. "உடம்ப கண்ணால பாக்காம கருமாதியா?" என்று ஊர்க்காரர்களை ஒரே பேச்சில் திருப்பி அனுப்பிய கனகாம்பாள், அன்றிலிருந்து சோற்றைப் பகையாளியைப் பார்ப்பது போலப் பார்த்தாள். சுகிர்தா அவளைத் தான் வேலை பார்க்கும் கும்மிடிப்பூண்டிக்கு, சிப்காட் பக்கத்து ஒற்றை அறை வாடகை வீட்டுக்கு அழைத்து வந்து வைத்துக்கொண்டாள். குளுக்கோஸ் ஏற்றிய டாக்டர், சாப்பிடாமல் இப்படியே கிடந்தால் அடுத்த தையைப் பார்க்க மாட்டாள் என்று முகத்துக்கு நேராகச் சொல்லிவிட்டார். தம்பியைத்தான் தண்ணீர் கொண்டுபோயிற்று, அம்மாவையுமா விடுவது? அந்த ஒரே கவலைதான் சுகிர்தாவைத் தின்றுகொண்டிருந்தது.

தீனாவின் குரல் என்று எதுவும் மிச்சமில்லை. வீடியோ எல்லாம் அவன் போனில் இருந்தன, போன் அவனோடு போயிற்று. தங்கியது பர்மா பஜாரில் அவன் வாங்கிய, உள்ளங்கை அகல விளையாட்டுப் பெட்டி ஒன்றுதான். அதில் ஒரு கிளி வளர்ப்பான். அவ்வப்போது பெட்டியை அக்காவின் முகத்துக்கு நேரே நீட்டுவான். கிளி அவன் குரலிலேயே, கொஞ்சம் கீச்சென்று, "அக்கா தண்டம்!" என்னும். சுகிர்தா துடைப்பத்தை எடுத்துக்கொண்டு துரத்துவாள். அந்த ஒரு வார்த்தையை அம்மாவுக்குக் கேட்கவைத்தால் போதும், அழுது தீர்த்துவிட்டு மனுஷியாகிவிடுவாள் என்று சுகிர்தா நம்பினாள். பெட்டி பேட்டரி உப்பிச் செத்துப்போயிருந்தது. ஆனால் மெமரி கார்டு நன்றாக இருந்தது.

அவள் கம்பெனியில் கம்ப்யூட்டர் பார்க்கும் அன்புசெல்வன்தான் கழித்துப்போட்ட பழைய கம்ப்யூட்டர் ஒன்றைக் கொடுத்து, அந்தப் பெட்டியைப் போலவே அதை நடிக்கவைக்கும் எமுலேட்டரை ஏற்றி, கார்டையும் செருகிக் கொடுத்தார். கூடவே மைக் வைத்த ஹெட்செட் ஒன்று. மைக் இல்லாவிட்டால் அந்த கேம் திறக்காது என்றார். சுகிர்தா அதை மானிட்டருக்குப் பக்கத்தில் ஆணியில் மாட்டிவிட்டு மறந்துபோனாள்.

திரையின் மூலையில் 22% என்று எழுதியிருந்தது. அன்று அம்மா தானாகக் கேட்டு இரண்டு இட்லி தின்றாள். அந்தக் கர்புர்ரென்ற உறுமலுக்கே இரண்டு இட்லி!

"அந்தப் பெட்டியோட மூளையே வேற மாதிரி," என்றார் அன்புசெல்வன், மறுநாள் கேன்டீனில். "அது சொல்றத எல்லாம் நம்ம மெஷினு மாத்தி மாத்திச் செய்யணும். கெழட்டு மெஷினு, மூச்சு வாங்குது. நூறு காட்டினாத்தான் சரியான வேகம். நீ பவர் சேவர்ல போட்டுக்கினு கீற, ஹை பர்பாமன்ஸ்ல மாத்து. ரெசல்யூஷன் மூணுல கீது, ஒண்ணுக்கு எறக்கு. வேற இன்னா தொறந்து வெச்சிருந்தாலும் மூடு."

செய்தாள். 41%. கிரைண்டர் போய், ஆழ்கிணற்றுக்குள்ளிருந்து ஆள் முனகுவது போல ஆயிற்று. கேட்டால் ஆண்குரல்தான். அம்மா பாயைச் சுருட்டி வைத்துவிட்டு நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு திரைக்கு எதிரில் உட்கார்ந்தாள். தலை வாரிக்கொண்டாள். சுகிர்தா வேலைக்குப் போய்விட்டுத் திரும்பும்போது தட்டு காலியாக இருந்தது. சந்தோஷத்தில் அவளுக்குக் கண் கலங்கிவிட்டது. ஆனால் ஒன்று. கூண்டின் ஓரத்தில் சின்னதாக ஒரு காது வரைந்திருந்தது. கிளி முனகுவதற்குச் சற்று முன் அந்தக் காது பச்சையாக எரிந்து அணைந்தது. வீட்டில் யாரும் பேசாதபோதும் எரிந்தது. அலங்காரமாக இருக்கும் என்று விட்டுவிட்டாள்.

"கிராபிக்ஸ வல்கன்னு ஒரு மோடு கீது, அதுல மாத்து," என்றார் அன்புசெல்வன் அடுத்த வாரம். "ஃபிரேம் ஸ்கிப் ஒண்ணு வெய்யி. நடுநடுவுல ஒரு படத்த வரையாம தாண்டிப் போவும். படம் தத்தித் தத்தி வரும், பரவால்லல்ல?"

"எனக்குப் படம் வேணாண்ணா. கொரலு வேணும்."

68%. கிளி கூண்டுக்குள் இங்கே தெரிந்து அங்கே தெரிந்தது, நடுவில் பறந்ததே கண்ணுக்குத் தெரியவில்லை. காது பச்சையாயிற்று. அலகு திறந்தது.

"அ…ம்…மா."

சுகிர்தாவுக்கு மயிர்க்கால் எல்லாம் குத்திட்டு நின்றது. சந்தேகமே இல்லை, தீனாதான். அம்மா என்றும் சொல்லிக்கொடுத்து வைத்திருக்கிறான் பார், என்று நினைப்பதற்குள் அம்மா வாய்நிறைய, "இன்னாடா கண்ணு!" என்றாள்.

ஒரு கூப்பாட்டுக்கே பதில். சுகிர்தா அம்மாவைத் திரும்பிப் பார்த்தாள். அவர்கள் குப்பத்தில் இருட்டில் கரையிலிருந்து யார் கூப்பிட்டாலும் பெண்கள் சட்டென்று குரல் கொடுக்க மாட்டார்கள். காத்துக்கறுப்பு இரண்டு தடவைக்கு மேல் கூப்பிடாது, மூன்றாவது தடவையும் கூப்பிட்டால்தான் மனிதன் என்பது அங்கே கணக்கு. அதைச் சொல்லிச் சொல்லி, மீறியபோது முதுகில் ரெண்டு வைத்து வளர்த்தவளே கனகாம்பாள்தான்.

"இன்னாம்மா, ஒடனே பேசிட்ட?"

"கம்ப்யூட்டரு தானேடி," என்று அம்மா சிரித்தாள். முதல் நாள் சுகிர்தாவே சொன்ன வார்த்தைதான் அது.

அன்றிலிருந்து அம்மா அந்த நாற்காலியை விட்டு எழவே இல்லை. கிளி அரைகுறையாய் ஏதோ இழுக்கும். அம்மா காதைக் கொடுத்துக் கேட்டுவிட்டு, "புரியலடா, இன்னொரு வாட்டி சொல்லு," என்பாள். கொஞ்ச நேரம் கழித்து அதே இழுப்பு மறுபடி வரும். இரவு படுக்கச் சொன்னால், "அவன் இன்னாமோ கேக்குறான், பாதி வெளங்கல. சீக்கிரம் சரி பண்ணுடி," என்று மகளையே அவசரப்படுத்தினாள். சோறு மட்டும் தவறாமல் இறங்கியது. கன்னத்தில் சதை பிடித்தது. மனத்தில் எழுந்த சந்தேகத்தை, சுகிர்தா அந்தக் கன்னத்தைப் பார்த்துப் பார்த்தே அடக்கிக்கொண்டாள்.

மிச்சமிருந்தது சூடுதான். சூடேறினால் மெஷின் தானாக வேகத்தைக் குறைத்துக்கொள்ளும், பிரித்துத் துடைத்து, சூட்டை இழுக்கும் பேஸ்ட் தடவு என்றார் அன்புசெல்வன். தெருக்கோடி உருக்காலை ஓடும் நாளில் வோல்டேஜும் இறங்கும், அதனால் ஆலைக்கு லீவான ஞாயிற்றுக்கிழமையைத் தேர்ந்தெடுத்தாள். ஐப்பசி மழை காலையிலிருந்து ஒரே பிடியாகப் பிடித்துக்கொண்டிருந்தது. உச்சிப்பொழுதிலேயே அறை இருண்டு கிடந்தது, கூரைத் தகரத்தில் தண்ணீர் விழும் இரைச்சலுக்கு நடுவே, எங்கிருந்தோ கழிமுகத்துச் சேற்று வாடை, உப்பும் அழுகலும் கலந்து, ஜன்னல் சாத்தியிருந்தும் அறைக்குள் மெல்ல மெல்ல நிறைந்தது. பழவேற்காடு இங்கிருந்து எவ்வளவு தூரம்! மழைக்குச் சாக்கடை எதிர்த்திருக்கும் என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டு, சுகிர்தா பழைய பிரஷ்ஷால் விசிறியிலிருந்த தூசியைப் பாளம் பாளமாகப் பெயர்த்தெடுத்தாள். பேஸ்டைத் தடவினாள். மூடியைப் போட்டு முடுக்கினாள்.

91. 97. 100%.

கிளி இப்போது தத்தவில்லை. உயிருள்ளது போல இறகைக் கோதியது. காது பச்சையாயிற்று.

"அம்மா. இங்க ஜில்லுனு கீதும்மா. யாருமே இல்ல. எவ்ளோ நாளாக் கூப்புடறேன், நீ வாம்மா."

தெளிவாக. பக்கத்தில் நின்று பேசுவது போல.

அம்மாவின் முகம் மலர்ந்தது. "இத்தானா? இதுக்குத்தான் அம்மாம் நாளா முக்கினு இருந்தியா? வரேன்டா," என்றாள்.

சுகிர்தா போனை எடுத்துக்கொண்டு வெளியே ஓடினாள். உள்ளே சிக்னல் கிடைக்காது. பக்கத்து வீட்டு மாடிப்படிக்கு அடியில் நின்றுகொண்டு அன்புசெல்வனைக் கூப்பிட்டாள்.

"இன்னா, நூறு வந்துச்சா?"

"வந்துச்சுண்ணா. அந்தக் கார்டுல தீனா எவ்ளோ பேசி வெச்சிருப்பான்? எவ்ளோ நேரம் சேவ் ஆவும்?"

"சேவா? அதுல கொரலு சேவ் ஆவாதேம்மா."

மழை பெய்துகொண்டிருந்தது.

"மைக்ல இப்ப இன்னா கேக்குதோ, அத அப்டியே கிளி திருப்பிச் சொல்லும். அவ்ளோதான் கேமு. ஓரத்துல காது கீதில்ல, அது பச்சையானா கிளி கேக்குதுன்னு அர்த்தம்."

"இல்லண்ணா… என்னத் தண்டம்னு சொல்லுமே…"

"உனக்குத் தெரியாம அவனே மைக்ல சொல்லிட்டு உங்கிட்ட நீட்டியிருப்பான், திருட்டுப் பய!" என்று சிரித்தார். "உங்க பேச்ச அது திருப்பிச் சொல்லலியா? ஆங், ஹெட்செட்ட மாட்டிக்கலியா நீங்க? அது மட்டமான மைக்கு. வாய ஒட்ட வெச்சுப் பேசினாத்தான் எடுக்கும். ஏன், இப்ப இன்னா சொல்லுது? சுகிர்தா? ஹலோ?"

அவள் ஓடினாள். எட்டே தப்படி. வாசற்படி வழுக்கியது. கதவு திறந்தபடியே இருந்தது.

அம்மா நாற்காலியில்தான் இருந்தாள். இரண்டு கையும் மடியில். தலை கொஞ்சம் சாய்ந்து, திரையைப் பார்த்தபடி. மலர்ந்த முகம் மலர்ந்தபடியே இருந்தது.

"அம்மா."

தோளைத் தொட்டாள். தலை மார்பில் விழுந்தது.

மூக்கின் கீழ் விரலை வைத்தாள். ஒன்றுமில்லை. மார்பில் காதை வைத்தாள். ஒன்றுமில்லை. உடம்பில் சூடு மட்டும் இருந்தது.

"அம்மா! எம்மா! கொஞ்சம் சோறு துன்ன வெக்கத்தானேம்மா நான்…"

காது பச்சையாயிற்று.

கிளி திரும்பி அவளைப் பார்த்தது. "அழுவுறாடா அவ," என்றது, கனகாம்பாளின் குரலில்.

"அதான் சொல்றேன், அக்காவையும் இட்டுனு போலாம்," என்றது தீனாவின் குரலில்.

"பாவம்டா. சாப்புடக் கூட இல்ல அவ."

சுகிர்தா ஆணியைப் பார்த்தாள். ஹெட்செட் தொங்கிக்கொண்டிருந்தது. மைக்குக்கு முன்னால் வெறும் சுவர். சுவருக்கும் மைக்குக்கும் நடுவே ஒரு சாண் இடம். அந்த ஒரு சாண் இடத்தில் யாரோ வாயை வைத்துக்கொண்டு.

பாய்ந்து வயரைப் பிடுங்கினாள். காது அணைந்தது. கிளி அலகை மூடிக்கொண்டது.

அமைதி. மழை. தகரம். சேற்று வாடை, முகத்துக்கு நேரே.

கதவு பக்கமா? அம்மாவின் நாற்காலிக்குப் பின்னாலா? பேச்சுக் கேட்டபோதாவது அவர்கள் ஆணிக்குப் பக்கத்தில் இருக்கிறார்கள் என்று தெரிந்தது. இப்போது எங்கே? அம்மாவை இப்படியே விட்டுவிட்டு ஓட முடியவில்லை. ஓடினாலும் எந்தப் பக்கம் ஓடுவது?

தெரியாமல் நிற்க முடியவில்லை அவளால். ஹெட்செட்டைக் கழற்றி, மைக்கை இரண்டு கையாலும் நெஞ்சோடு பிடித்துக்கொண்டாள். வயரைத் துளையில் செருகினாள்.

காது உடனே பச்சையாயிற்று.

கிளி பேசவில்லை. அலகைத் திறந்து மூச்சு விட்டது. குறுகிக் குறுகி, விம்மி விம்மி. அது அவளுடைய மூச்சுதான். மைக் அவள் மோவாய்க்குக் கீழே இருந்தது. அவள் மூச்சை அடக்கினாள். வாயை இறுக மூடிக்கொண்டாள்.

கிளி மூச்சு விட்டுக்கொண்டே இருந்தது. நிதானமாக. இரண்டு பேர் மூச்சு.