சல்லடை நீக்கிய பட்டை

நூர்ஜஹானின் தொண்டையில் அடைப்பு எதுவும் இல்லை. ஆனாலும் இருபத்திரண்டு நாட்களாக ஒரு வாய் சோறு இறங்கவில்லை. மூக்கில் போட்ட குழாய் வழியாகக் கஞ்சி மட்டும் போய்க்கொண்டிருந்தது.

உணர்பட்டைகள் வந்தபின் மருத்துவர்கள் நோயாளிகளிடம் அதிகம் கேட்பதில்லை. நோயாளியின் நெற்றியில் ஒன்று, தன் நெற்றியில் ஒன்று கட்டிக்கொண்டால், நோயாளி உணர்வதையெல்லாம் மருத்துவரும் உணர்வார். மருத்துவர் அருமைநாதன் மூன்று முறை கட்டிப் பார்த்தார். ஒன்றும் தெரியவில்லை. மறுநாள் 'நடிப்பு' என்று எழுதிக் குழாயை எடுத்து, வீட்டுக்கு அனுப்பிவிடுவதாக இருந்தார். அனுப்பினால் அந்தப் பெண் பட்டினியில் செத்துப்போவாள்.

கருவிகளைப் பராமரிக்கும் பூங்கோதைக்கு மனம் ஒப்பவில்லை. பட்டையைப் பிரித்தாள். உள்ளே ஒரு மின்சல்லடை இருந்தது. உடம்பிலிருந்து மூளைக்கு ஏறும் சமிக்ஞைகளை அது போகவிடும். மூளையிலேயே பிறப்பவற்றைத் தடுத்துவிடும். நோயாளிகளின் துக்கம் தொற்றி மருத்துவர்கள் அழுததால், பிற்பாடு சேர்த்த பாகம் அது. ஆனால் வலி எங்கிருந்து கிளம்பினாலும் அதை உணர்வது மூளைதானே? பூங்கோதை சல்லடையைக் கழற்றிவிட்டுப் பட்டையை நீட்டினாள்.

"இதான் கடைசி. அப்புறம் ஆளை விட்டுரணும்," என்று அருமைநாதன் கட்டிக்கொண்டார்.

எச்சிலை விழுங்கப் பார்த்தார். முடியவில்லை. கை தானாகக் கழுத்துக்குப் போனது.

"நிஜமாவே இறங்கலம்மா," என்றார். "நான்தான் தப்பா நெனச்சிட்டேன். இது எப்போ ஆரம்பிச்சுது?"

நூர்ஜஹான் வெள்ள உதவி மையத்தில் தொலைபேசி எடுப்பவள்.

"போன் பண்ண ஒரு அம்மாகிட்ட, மொட்டை மாடியிலேயே இருங்க, படகு வந்துட்டிருக்குன்னு சொன்னேன் சார். படகு போய்ச் சேரல, அவங்க தண்ணியோட போயிட்டாங்க. என் பேச்சை நம்பித்தானே அந்தம்மா அங்கேயே உக்காந்திருந்தாங்க."

ஒரு மணி நேரம் பேசினாள், அழுதாள். பிறகு ரசம் சாதம் கேட்டாள். நான்கு வாய் இறங்கியது. பூங்கோதையின் கையைப் பிடித்துக்கொண்டு, "நீங்க ஒருத்தராவது நம்புனீங்களே," என்றாள்.

பட்டையைக் கழற்றிய பிறகும் அருமைநாதனுக்கு இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. பூங்கோதை பட்டையைச் சோதித்தாள். பழுதில்லை. இந்த அடைப்பு அவருடையதே. ஒன்பது வருடங்களில் 'நடிப்பு' என்று எழுதி அனுப்பியவர்களில் நினைவிருந்தவர்களை எல்லாம் அவளிடம் சொல்லி முடித்தபோதுதான் தொண்டை திறந்தது. அன்றே அவர்களைத் திரும்ப அழைத்துவரச் சொன்னார்.

இப்போது அந்த மருத்துவமனையின் பட்டைகளில் சல்லடை கிடையாது. பட்டையைக் கழற்றும் ஒவ்வொரு மருத்துவரும் அரைமணி நேரம் இன்னொருவரிடம் மனம்விட்டுப் பேசிவிட்டுத்தான் வீட்டுக்குப் போகிறார்.