அப்பா பெயரில் ஒரு எழுத்து

திங்கட்கிழமை, காலை 6.30. மீன் பதப்படுத்தும் தொழிற்சாலையின் மூன்றாம் குளிர் அறையைத் திறந்த சூப்பர்வைசர், அலறிக்கொண்டு வெளியே ஓடி வந்தார். கதவை ஒட்டி, முழங்காலைக் கட்டிக்கொண்டு, உடம்பெல்லாம் வெள்ளை பூத்து உட்கார்ந்திருந்தார் ஒரு தொழிலாளி. பிழைப்புக்காகக் கடல் தாண்டி வந்தவர். ஆள் உயரம் என்பதால் எல்லோருக்கும் அவர் 'நெட்டை'.

7.15. இன்ஸ்பெக்டர் வந்தார். பிணத்தைப் பார்ப்பதற்கு முன் அந்த அம்மாள் கதவைத்தான் பார்த்தார். உட்புறம் கைப்பிடி இருக்க வேண்டிய இடத்தில் இரண்டு திருகாணி ஓட்டைகள் மட்டும் இருந்தன. அதற்குக் கீழே உறைபனியில் நகக் கீறல்கள். ஒன்றிரண்டல்ல, கை எட்டும் உயரம் முழுக்க.

"வருத்தமான விஷயம்தான் மேடம்," என்றார் மேனேஜர். "ஆனா கம்பெனிக்கும் இதுக்கும் சம்பந்தமில்ல. வெள்ளிக்கிழமையே வேலைய விட்டு நின்னுட்டான். சனிக்கிழமை ஏதாவது சுருட்டலாம்னு உள்ள பூந்திருக்கான். மாட்டிக்கிட்டான்."

"நின்னுட்டார்ங்கறதுக்கு அத்தாட்சி?"

மேனேஜர் ஒரு தாளை நீட்டினார். டைப் அடித்த ராஜினாமாக் கடிதம். வெள்ளிக்கிழமை தேதி. கீழே பேனாவால் ஒரு கையெழுத்து. "காலைல வந்து பார்த்தா என் மேஜைமேல இருந்துச்சு."

"சனிக்கிழமை இங்க யாரெல்லாம் இருந்தீங்க?"

"அரை நாள் வேலை. தொழிலாளிங்க ரெண்டு மணிக்கே போயாச்சு. நான், சூப்பர்வைசர், பணியாளர் அதிகாரி, மூணு பேரும் ஆறு மணி வரைக்கும் இருந்தோம்."

குளிர் அறைச் சாவி மூவரிடமும் இருந்தது. அறையைப் பூட்டியது யார் என்று கேட்டால், மூவரும் மற்ற இருவரைப் பார்த்தார்கள்.

11.00. பிணத்தை முதலில் பரிசோதித்த டாக்டர் சுருக்கமாகச் சொன்னார். "சனிக்கிழமை சாயங்காலம் ஆறு, ஏழு மணி வரைக்குமாவது உயிர் இருந்திருக்கும்."

வெளியே வராந்தா பெஞ்சில் இறந்தவரின் தங்கை இருந்தாள். ஆஸ்பத்திரி ஒன்றில் துப்புரவு வேலை செய்பவள். சீருடையைக்கூட மாற்றாமல் வந்திருந்தாள்.

"சனிக்கிழமை ரெண்டரைக்கு என்னைப் பார்க்க வர்றேன்னு சொன்னாரு மேடம். வரல. அஞ்சேகாலுக்கு ஆபீஸுக்குப் போன் பண்ணேன். அண்ணன் பேரைச் சொல்லிக் கேட்டேன். ஒரு ஆம்பள எடுத்தாரு. கொஞ்ச நேரம் தாளைப் புரட்டுற சத்தம். 'அப்படி யாரும் இங்க வேலை செய்யல'ன்னு வெச்சுட்டாரு. ஞாயித்துக்கிழமை முழுக்க யாருமே எடுக்கல."

இன்ஸ்பெக்டர் அந்த நேரத்தைக் குறித்துக்கொண்டார். அஞ்சேகால். அப்போது அந்த மனிதர் கதவைச் சுரண்டிக்கொண்டிருந்திருக்கிறார். ஒருவர் நாற்பது அடி நடந்து போய்த் திறந்திருந்தால் போதும்.

கடிதத்தைக் காட்டினார். தங்கை கையெழுத்தை உற்றுப் பார்த்தாள். முகம் சிவந்தது.

"இது எங்கண்ணன் பேரே இல்ல. எங்கப்பா பேரு. எங்க ஜனங்களுக்குக் குடும்பப் பேருன்னு ஒண்ணு கிடையாது மேடம். முதல்ல அவங்கவங்க பேரு, அடுத்து அப்பா பேரு, அவ்வளவுதான். உங்க நாட்டு விசா ஃபாரத்துல 'கடைசிப் பேரு'ன்னு ஒரு கட்டம் இருக்கு. அங்க அப்பா பேரை எழுதினோம். அதையே அண்ணன் பேராக்கிட்டாங்க. அப்பா பேரை யாராவது கையெழுத்தாப் போடுவாங்களா?"

"அவரோட கம்பெனி அடையாளக் கார்டுலயும் இதேதான் இருக்கு," என்றார் இன்ஸ்பெக்டர்.

"கார்டுலயும் தப்பு. ஒரு எழுத்து குறையுது. எங்கப்பா பேருக்கு 'சாந்தமானவர்'னு அர்த்தம். அந்த எழுத்தை எடுத்துட்டா 'அழுகினது'ன்னு ஆயிடும். மீன் கம்பெனில அதை வெச்சு அண்ணனை எப்படிக் கிண்டல் பண்ணிருப்பாங்கன்னு யோசிங்க. மாத்தித் தாங்கன்னு மனுகூடக் குடுத்தாரு."

கடிதத்தின் கையெழுத்திலும் அந்த எழுத்து இல்லை.

12.40. ஆபீஸ் அறை. மூவரும் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். இன்ஸ்பெக்டர் உட்காரவில்லை.

"இறந்துபோனவர் பேரு என்ன? ஒவ்வொருத்தராச் சொல்லுங்க."

சூப்பர்வைசர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "நெட்டைன்னுதான் கூப்பிடுவோம். ஆனா பேரு தெரியும் மேடம்." இறந்தவரின் சொந்தப் பெயரைத் தெளிவாகச் சொன்னார். "காத்திருந்து கிடைச்சவன்னு அர்த்தமாம். பத்து வருஷம் கழிச்சுப் பொறந்த புள்ளை. கார்டுல தப்பா இருக்குன்னு மூணு மாசம் முன்னாடி மனு எழுதிக் குடுத்ததே நான்தான். சனிக்கிழமை பூரா நான் லாரில லோடு ஏத்துற பக்கமே இருந்துட்டேன், இவன் வேலைக்கு வந்தானான்னு பார்க்கல."

மேனேஜரும் அதே பெயரைத் தட்டுத் தடுமாறிச் சொன்னார். "மனு எங்கிட்ட வந்துச்சு. படிச்சேன். திருத்தச் சொல்லி எழுதி, கவர்ல போட்டு ஒட்டி, பணியாளர் அதிகாரி இவருக்கு அனுப்பிட்டேன்."

பணியாளர் அதிகாரி தோளைக் குலுக்கினார். "நானூறு பேர் மேடம். ஒருத்தனுக்குத் தாத்தா தொழில் பேரா இருக்கு, ஒருத்திக்கு ரெண்டாவதாப் பொறந்தவள்ங்கறதே பேரா இருக்கு. அர்த்தமெல்லாம் பார்த்துக்கிட்டிருந்தா வேலை நடக்காது. லிஸ்ட்ல என்ன இருக்கோ, அதான் பேரு." அவர் சொன்னது அப்பாவின் பெயரை. ஓர் எழுத்துக் குறைவாக.

இன்ஸ்பெக்டர் அவருடைய மேஜைக்குப் போனார். 'வந்த கடிதங்கள்' தட்டைக் கவிழ்த்தார். அடியிலிருந்து ஒரு பழுப்புக் கவர் விழுந்தது. மேனேஜரின் கையெழுத்து மேலே. ஒட்டிய வாய் ஒட்டியபடியே.

"மூணு மாசம்," என்றார் இன்ஸ்பெக்டர். "திறந்துகூடப் பார்க்கல. பார்த்திருந்தா, இன்னைக்கு நீங்க சரியாக் கையெழுத்துப் போட்டிருப்பீங்க."

"நானா? என்ன மேடம் சொல்றீங்க?"

"போலிக் கையெழுத்துப் போட்டவனுக்கு இவரை அப்பா பேர்லதான் தெரியும். அந்தப் பேரும் தப்பாத்தான் தெரியும். மனு எழுதினவருக்கும் படிச்சவருக்கும் அது தப்புன்னு தெரியும். தெரியாத ஒரே ஆள் நீங்க. சனிக்கிழமை அஞ்சேகாலுக்குப் போன் எடுத்ததும் நீங்கதான். இவங்க ரெண்டு பேர்ல யார் எடுத்திருந்தாலும் 'இருக்காரும்மா, பாக்குறேன்'னு சொல்லிருப்பாங்க."

"லிஸ்ட்ல அந்தப் பேர் இல்ல மேடம்!"

"இருந்துச்சு. அவர் சொந்தப் பேரை அப்பா பேருக்கு முன்னாடி, இனிஷியல் மாதிரி ஒத்தை எழுத்தா வெட்டி வெச்சிருக்கீங்க."

"ஒரு எழுத்துக்குப் போயி..." அதிகாரிக்கு வேர்த்துக் கொட்டியது. "உள்ள ஆள் இருக்கான்னு தெரியாமத்தான் மேடம் பூட்டினேன்!"

சொல்லிவிட்டதை அவர் உணர்வதற்குள் ஏட்டு கதவருகே வந்து நின்றுவிட்டார்.

மிச்சம் தானாகவே வந்தது. கைப்பிடி உடைந்து இரண்டு மாதம். பழுது பார்த்தாயிற்று என்று பாதுகாப்புச் சான்றில் கையெழுத்திட்டது அவர்தான். காலையில் பிணத்தைப் பார்த்ததும், போலீஸ் வருவதற்கு இருந்த முக்கால் மணி நேரத்தில், சனிக்கிழமை வருகைப் பதிவை அழித்து, கடிதத்தை டைப் அடித்து, இறந்தவரை வேலையிலிருந்து நிறுத்தித் திருடனாக்கிவிட்டார். இறந்தவரின் கையெழுத்து எப்படியிருக்கும் என்று பார்க்கக்கூடக் கம்பெனியில் ஒரு தாள் இல்லை. வருகைக்கு அட்டை தேய்ப்பதுதான் வழக்கம். எழுதத் தெரிந்த மனிதர் என்ற நினைப்பே யாருக்கும் வந்ததில்லை.

2.10. அதிகாரியை ஜீப்பில் ஏற்றினார்கள். மேனேஜர் வாசலில் நின்று, "கம்பெனி சார்பா இறுதிச் செலவெல்லாம் நாங்களே..." என்று ஆரம்பித்தார்.

உடன் வந்திருந்த தங்கை குறுக்கிட்டாள். "எங்கண்ணன் திருடன்னு இன்னைக்கு எத்தனை பேர்கிட்டச் சொன்னீங்க சார்?"

மேனேஜர் விழித்தார். "முதலாளிகிட்ட... ரெண்டு பத்திரிகைக்காரங்க... அப்புறம் இன்ஷூரன்ஸ்ல."

"அத்தனை பேருக்கும் இப்பவே போன் போடுங்க. அண்ணன் பேரைச் சொல்லி, திருடல, கதவு தொறக்காமச் செத்தாருன்னு சொல்லுங்க. நான் கேட்டுக்கிட்டு இருக்கேன்."

மேனேஜர் இன்ஸ்பெக்டரைப் பார்த்தார். இன்ஸ்பெக்டர் உள்ளேயிருந்து ஒரு நாற்காலியை இழுத்து வந்து, அந்தப் பெண் உட்காரப் போட்டார்.

"முதல்ல முதலாளிக்குப் போடுங்க," என்றார்.