நிஸ்மியாவுக்கு இரவல் குரல்

ஹெட்போனில் ஒரு மூச்சு கூடுதலாகக் கேட்டது.

ஸும்ரா தன் மூச்சை அடக்கிப் பார்த்தாள். அது நிற்கவில்லை. ஆலங்குடாவில் உல்லாசப் பயணிகளுக்கு விடும் வீடொன்றின் பின்னறையில் மெத்தைகளைச் சுவரோடு சாய்த்து டப்பிங் அறையாக்கியிருந்தார்கள். அசர் தொழுகை நேரத்துப் பிற்பகல் வெயிலில் மெத்தைப் பஞ்சு வெந்து நாறியது, கதவை அடைத்துவிட்டால் கடலின் இரைச்சல்கூட உள்ளே வராது, ஆனாலும் காதுக்குள் யாரோ தண்ணீரோடு சேர்த்து மூச்சை உறிஞ்சி உறிஞ்சி இழுக்கும் சத்தம் ஓயவில்லை.

கண்ணாடிக்கு அப்பால் இயக்குநர் கிளைட்டன் காட்சியை ஓட்டினார். திரையில் நிஸ்மியா, கற்பிட்டிப் பெண். முதல் படத்தில் இரண்டே வசனம். இரண்டாவதில் கதாநாயகி, அது முடியுமுன்னே மௌத்தாகிவிட்டாள். அவளுடைய சினிமா வாழ்க்கை அவ்வளவுதான். அனுப்ப மாட்டேன் என்ற அவளது உம்மாவிடம், "நான் பாத்துக்கொள்றேன்" என்று வாக்குக் கொடுத்து அழைத்து வந்தவள் ஸும்ரா.

காட்சித் தொடர்ச்சியைக் கவனிப்பதுதான் படத்தில் ஸும்ராவின் வேலை; குரல் ஒத்துப்போனதால் இறந்துபோன நிஸ்மியாவுக்குக் குரல் கொடுக்கவும் இன்று அவளையே அழைத்திருந்தார்கள். கதாநாயகி உயிரை மாய்த்துக்கொள்ளக் கடலில் இறங்கும் காட்சி முதல் முறையே நன்றாக வந்திருந்தது. வலக்கையில் இருக்கவேண்டிய வளையல் இடக்கையில் இருக்கிறதென்று சொல்லித் திரும்ப எடுக்க வைத்தவள் அவள்தான். இரண்டாம் முறை நிஸ்மியா கைகளை அடித்தபோது படகுக்காரர் பேதுரு தண்ணீரில் பாய எழுந்தார். "பொறுங்க, நடிக்கிறா" என்று அவரைத் தடுத்தவளும் அவள்தான். குற்றமுள்ள நெஞ்சு குறுகுறுக்கும் என்பார்கள். ஸும்ராவுக்கு நாற்பது நாளாகச் சோறே இறங்கவில்லை. ஒரு வளையலுக்காக.

அந்த இரண்டாம் முறை எடுத்ததையே கிளைட்டன் படத்தில் வைத்துக்கொண்டார். அன்று பதிவான சத்தம் இப்போது அவள் காதில் ஓடியது. அது வசனமல்ல, ஸும்ராவை அக்காவென்று கூப்பிடும் நிஸ்மியாவின் குரல். "ஸும்ரா ராத்தா, என்னப் புடிங்க."

"இதுக்கு மேல எங்கட வசனத்தச் சொல்லுங்க," என்றார் கிளைட்டன். "கடலே, நான் வந்திட்டன். அவ்வளவுதான்."

"உதடு வேற சொல்லுதே, சேர்."

"தண்ணிக்குள்ள உதட்ட ஆரு பாக்கிற?"

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கச் சொல்கிறார். மறைத்தால் ஸும்ரா தப்பினாள். மறைக்காவிட்டால் நிஸ்மியாவின் உம்மா ஒருநாள் அந்தக் கூப்பாட்டைக் கேட்பார். ஸும்ரா சரியென்று தலையசைத்தாள். தன்மீதே அவளுக்கு அருவருப்பாக இருந்தது.

சிவப்பு விளக்கு எரிந்தது. வாயைத் திறந்தாள்.

வசனம் வரவில்லை. உப்பு வந்தது.

நாக்கில். தொண்டையில். விழுங்கினாள். இன்னும் வந்தது. மூக்கு எரிந்தது. மைக்கைப் பிடித்தாள், கை வழுக்கியது. தரையைத் தேடினாள். கால் எட்டவில்லை.

"சேர், என்னப் புடிங்க—"

தண்ணீர். மூச்சு. தண்ணீர்.

கண்ணாடிக்கு அப்பால் கிளைட்டன் கண்களை மூடி, ரசித்துத் தலையாட்டியபடி, ஒலியை இன்னும் கொஞ்சம் கூட்டினார்.

திரையில் கடல் அடங்கியிருந்தது. நிஸ்மியா கழுத்தளவு நீரில் அசையாமல் நின்று, ஸும்ராவையே பார்த்தபடி, ஒரு சொல்லும் பிசகாமல் உதட்டை அசைத்துக்கொண்டிருந்தாள்: கடலே, நான் வந்திட்டன்.