பத்து எண்ணும் வரை

கைபேசிப் பதிவில் குழந்தை "ங்கா" என்றது. பதிவு செய்தபோது குழந்தையின் வாயில் கட்டைவிரல் இருந்ததை அவள் எதிரே உட்கார்ந்து பார்த்துக்கொண்டுதான் இருந்தாள்.

மகளுக்கு இரண்டே கால் வயது. ஒரு சொல் கிடையாது. ஆறு மாதத்தில் மழலை, ஒரு வயதில் ஒரு சொல், இரண்டு வயதில் இரண்டு சொல் சேர்த்து என்று பேச்சுப் பயிற்சியாளர் கொடுத்த அட்டவணை ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டியிருந்தது. வருகிறவர்கள் எல்லாம் அதைப் படித்துவிட்டு அவளை ஒரு பார்வை பார்ப்பார்கள்.

"நீ புள்ளகிட்ட வாயே தொறக்கறதில்ல போல" என்றாள் நாத்தனார். நாள் முழுக்கத் தொண்டை வற்றக் கத்துகிறவளிடம்!

பயிற்சி எளிமையானதுதான். மின்விசிறியை அணைத்துவிட்டு ஒரு கேள்வி கேட்க வேண்டும். மனதுக்குள் பத்து எண்ண வேண்டும். குழந்தை பதில் சொல்ல அந்த இடைவெளியை விட்டுவிட வேண்டும். தினமும் பத்து நிமிடம் பதிவு செய்து அனுப்ப வேண்டும்.

மூன்றாம் நாள் பதிவில் "மா... மா." ஆறாம் நாள் தெளிவாக "பந்து." பயிற்சியாளர் ஃபோனில் துள்ளினார்: "ஒரு வாரத்துல ஒரு வருஷத்தைத் தாண்டிட்டாம்மா உங்க பொண்ணு!"

"அவ உதடு அசையவே இல்லைங்க" என்றாள் கணவனிடம்.

"நல்லது நடந்தாலும் உனக்கு ஒரு குறை வேணும்" என்று சொல்லிவிட்டு அவன் வேலைக்குக் கிளம்பினான். அந்த ஃபோனைத் தூக்கி அவன் முதுகில் எறியலாம் போலிருந்தது.

பத்தாம் நாள் பிற்பகல், திரை இழுத்த அறையில், மகளை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். மின்விசிறி சுழன்று அடங்கியதும் பிறந்த குழந்தையின் கழுத்து மடிப்பில் இருக்குமே, அந்தப் புளித்த பால் வாடை மெல்ல எழுந்து வந்து மூக்கருகே நின்றது; மகள் பால் மறந்து ஒரு வருடமாகிறது.

"இது என்ன?" என்று பந்தைக் காட்டினாள். ஒன்று, இரண்டு, மூன்று.

மூச்சுச் சத்தம். ஈரமான, சின்ன மூச்சு. மகளுடையது அல்ல. அறையின் மூலையிலிருந்து வந்தது.

அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. பத்து நாளாகக் கேள்வி கேட்டு, காத்திருந்து, பொறுமையாக இடம் விட்டு, பேசக் கற்றுக்கொடுத்திருக்கிறாள். யாருக்கு?

பயத்தைவிட ஆத்திரம்தான் முந்தியது. "யாரு நீ?" என்று மூலையைப் பார்த்துக் கத்தினாள். "என் பொண்ணு பேச வேண்டியதை நீ ஏன் பேசற? திருப்பிக் குடு!"

கேட்டு முடித்ததும் மனம் பழக்கத்தில் தானாக எண்ணத் தொடங்கியது. நிறுத்த முடியவில்லை.

மூன்று. மூச்சு நகர்ந்தது.

ஐந்து. பால் வாடை.

ஆறு. மகள் அழவில்லை. வாயிலிருந்து விரலை எடுக்கவும் இல்லை. மெதுவாக நகர்ந்து இடது தொடையில் ஒதுங்கினாள். இடம் விட்டாள்.

எட்டு. வலது தொடையில் கனம் ஏறியது.

ஒன்பது. ஈரக் கன்னம் ஒன்று அவள் கழுத்தில் ஒட்டியது. மகள் கையை நீட்டி, அங்கே இருந்த வெறுமையைத் தட்டிக்கொடுத்தாள்.

"என் அம்மா" என்றது அது.